கலைஞர் நாம் ஜூன் பைக்கின் கோபுரம்: பிக்சர் டியூப் போனால் எல்சிடி பொருத்தலாமா?

தறிநூல்:
தென்கொரியாவில் குவாச்சன் அருங்காட்சியகத்தில் வீடியோ கலையின் முன்னோடி நாம் ஜூன் பைக் 1988இல் எழுப்பிய தொலைக்காட்சிக் கோபுரத்தை அறிவீர்கள். மொத்தம் 1,003 பெட்டிகள். அந்நாடு பிறந்த நாளாகக் கொண்டாடப்படும் அக்டோபர் 3ஐக் குறிக்கும் எண் அது. தீ அபாயம் காரணமாக 2018இல் அணைத்தார்கள். 2022இல் மீண்டும் ஒளியேற்றியபோது, மேல்வரிசைகளில் 266 பெட்டிகளுக்குள் எல்சிடி திரைகள் புகுந்துவிட்டன. ஓவியத்தில் வண்ணம் உதிர்ந்த இடத்தில் அச்சுத்தாளை ஒட்டினால் பொறுப்போமா? இதை மட்டும் ஏன் சீரமைப்பு என்கிறோம்?

வெளிமுற்றம்:
ஓவியத்தோடு ஒப்பிடுவதே தவறு. பைக் நிகழ்த்துகலையிலிருந்து வந்தவர். 1962இல் வயலினை மிக மெதுவாகத் தலைக்கு மேல் உயர்த்தி, ஒரே வீச்சில் மேசைமீது அடித்து நொறுக்கினார். அங்கே கலை அந்த நிகழ்வுதானே, வயலின் மரம் அல்லவே! கோபுரத்தின் பெட்டிகளும் அவர் உயிரோடிருந்த 2003இலேயே புதிதாக மாற்றப்பட்டவை. இருண்டு நிற்கும் அசல் பெட்டியைவிட, எல்சிடியில் ஓடும் காணொளி அவருக்குச் செய்யும் மரியாதை பெரிது.

தறிநூல்:
2003இல் டியூபுக்குப் பதில் டியூப் வந்தது. அதை இதோடு சேர்க்காதீர்கள்.

பழுதுபார்ப்பவன்:
இருபது ஆண்டுகள் தொலைக்காட்சி பழுதுபார்த்திருக்கிறேன். அதனால் சொல்கிறேன். பிக்சர் டியூபில் முழுப் படம் ஒருபோதும் நிற்பதில்லை. பின்னாலிருந்து பாயும் எலக்ட்ரான் கற்றை, கண்ணாடியின் உட்பூச்சில் வரிவரியாக ஓடி ஒளியைக் கிளப்புகிறது. திரையருகே கையைக் கொண்டுபோனால் முடி சிலிர்க்கும். பல பெட்டிகளில், அணைத்ததும் படம் சுருங்கி நடுவில் ஒரு புள்ளியாகிச் சாகும். 1965இல் பைக் ஒரு தொலைக்காட்சியின் தலையில் கனத்த லாடக் காந்தத்தை வைத்தார். கற்றை வளைந்தது, திரையில் ஒளி மலர்போல் சுழன்றது. காந்தத்தை நகர்த்தினால் உருவமும் நகரும். எல்சிடியின் தலையில் அதே காந்தத்தை வையுங்கள். ஒன்றும் நடக்காது, ஏனென்றால் வளைவதற்கு அங்கே கற்றையே இல்லை. வெளிமுற்றம் ஐயா, நீங்கள் சொல்லும் நிகழ்வு அந்தக் குழாய்க்குள்தான் நடக்கிறது.

வெளிமுற்றம்:
காந்தப் படைப்புக்கு அது பொருந்தும், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கோபுரத்தில் காந்தம் இல்லை. பதிவான காணொளிகள் ஓடுகின்றன. உயரம் பதினெட்டு மீட்டருக்கு மேல். உச்சியிலுள்ள சின்னஞ்சிறு பெட்டியில் கற்றை ஓடுகிறதா என்று கீழே நிற்பவர் கண்டுபிடிப்பாரா?

பழுதுபார்ப்பவன்:
சின்னப் பெட்டிகள் என்பதால்தான் எனக்கும் கோபம் குறைகிறது. அந்த அளவு டியூப் கிடைப்பது மிக அரிது. மற்ற 737 பெட்டிகளைப் பழைய டியூப்களைத் தேடிப் பிடித்து மீட்டிருக்கிறார்கள். அந்த உழைப்பின் அருமை எனக்குத் தெரியும்.

தறிநூல்:
கீழே நிற்பவருக்குத் தெரியாது என்பதை ஒரு நியாயமாக என்னால் ஏற்க முடியவில்லை. மாற்றியவற்றை மாற்றியதாகவே காட்டட்டும். கோபுரத்தின் அடியில் ஒரு பலகை வைத்து, எந்த வரிசையில் டியூப், எந்த வரிசையில் எல்சிடி என்று எழுதட்டும்.

வெளிமுற்றம்:
பலகைக்கு நானும் உடன்படுகிறேன். அடுத்த டியூப் அணையும்போது இருட்டாக விடச் சொல்வீர்களா?

தறிநூல்:
ஆம். அந்த ஒரு பெட்டியை மட்டும், மாற்று டியூப் கிடைக்கும்வரை.