தமிழ் தெரியும்தானே, மலையகத்தில் நடக்க வழிகாட்டி எதுக்கு?

நல்லூர்_நடை

மாசி (பெப்ரவரி) கடைசி, இல்லாட்டி பங்குனி (மார்ச்) முதல் கிழமை, பீக்கோ ட்ரெயிலில 4 நாள் நடக்கிறதா ஒரு திட்டம். தெரியாத ஆக்களுக்கு: கண்டி ஹந்தானையில தொடங்கி ஹற்றன், ஹப்புத்தளை, எல்ல பக்கமெல்லாம் சுத்தி நுவரெலியாவில முடியிற நடைபாதை அது. 300 கிலோமீற்றருக்கு மேல, 22 கட்டம். பிரித்தானியர் காலத்துத் தேயிலைத் தோட்டப் பாதைகளைத் தொடுத்து உண்டாக்கினது. நாங்கள் எடுக்கிறது முதல் 4 கட்டம்: ஹந்தானையிலிருந்து கலஹா, பிறகு லூல்கந்துர, தவலந்தென்ன, கடைசியா பூண்டுலோயா. 12 பேர், வயது 24 முதல் 58.

கண்டியில ஒரு நிறுவனம் வழிகாட்டி, வான், சாப்பாடு, தங்குமிடம் எல்லாம் சேர்த்து ஒரு பெரிய தொகை கேட்குது. எனக்கு அது தேவையில்லை எண்டுதான் படுது. பாதையின்ர வரைபடம் இணையத்தில கிடைக்குது. வழி முழுக்கத் தமிழ்ச் சனம். வெளிநாட்டுக்காரருக்கு மொழிபெயர்க்க ஆள் வேணும், எங்களுக்கு எதுக்கு? வாயைத் திறந்து கேட்டால் வழி சொல்லுவினம். மிஞ்சிற காசில இன்னும் 2 நாள் நிக்கலாம். வேண்டாமெண்டு சொல்லுற ஆக்கள் காரணத்தோட எழுதுங்கோ.

ஆரியகுளம்_சந்தி

வழி தெரியிறது சின்ன விசயம் அண்ணை. நேரக் கணக்குத்தான் ஆக்களை விழுத்தும்.

நேஸ்மித் எண்ட ஸ்கொட்லாந்து மலையேறி 1892இல சொன்ன கணக்கு இண்டைக்கும் பாவனையில இருக்கு: மணிக்கு 5 கிலோமீற்றர், அதுக்கு மேல ஒவ்வொரு 600 மீற்றர் ஏற்றத்துக்கும் 1 மணித்தியாலம். 16 கிலோமீற்றரும் 600 மீற்றர் ஏற்றமும் உள்ள நாளுக்கு 4 மணி 12 நிமிசம் வரும். அது பழகின காலுக்கு. 12 பேர் கொண்ட கூட்டம் கடைசி ஆளின்ர வேகத்திலதான் போகும், ஆனபடியால் பாதியைக் கூட்டுங்கோ: 6 மணி 20 நிமிசம், சாப்பாட்டு நேரம் தவிர. காலமை 7 மணிக்கு வெளிக்கிட்டால் 2 மணிக்குப் போய்ச் சேரலாம். 9 மணிக்கு வெளிக்கிட்டால் பின்னேர மூடுபனிக்குள்ள நிப்பீங்கள். பங்குனியில பின்னேர இடிமழையும் தொடங்கிடும். அதாலதான் சொல்லுறன், பங்குனியை விட்டிட்டு மாசியை எடுங்கோ.

இன்னொண்டு. A9ஆல இரவு பஸ்ஸில 321 கிலோமீற்றர் குந்திப் போய் விடியக் கண்டியில இறங்கி, அதே காலில நடக்கத் தொடங்கக்கூடாது. நித்திரையில்லாத காலுக்கு இறக்கத்தில பிடி இராது. முதல் நாள் கண்டியில படுங்கோ.

யாழ்ப்பாணத்தில ஏறிப் பழக மலை இல்லை. 4 மாடிக் கட்டடமொண்டை ஏறி இறங்கினால் 12 மீற்றர், 25 தரம் எண்டால் 300 மீற்றர். அது ஒரு நாள் ஏற்றத்தின்ர பாதி. கிழமையில 3 நாள், முதுகில 5 கிலோ பையோட ஆறு கிழமை செய்யாத ஆளைக் கூட்டிக்கொண்டு போகாதேங்கோ. ஏற்றத்தில மூச்சு வாங்கினால் நிண்டு எடுக்கலாம். இறக்கத்தில முழங்கால் போனால் ஆளைத் தூக்கத்தான் வேணும்.

இதையெல்லாம் பார்க்கிறது வழிகாட்டியின்ர வேலை. சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையின்ர அனுமதிப் பத்திரம் உள்ள ஆள், முதலுதவி படிச்ச ஆள், 4 நாளும் கூடவே வாற ஆள். காசு கூட எண்டு அதில கைவைக்கக்கூடாது.

கொட்டகலை_கொழுந்து

அண்ணே, நான் தோட்டத்துப் பிள்ளை, இப்ப யாழ்ப்பாணத்துல வேலை. வழி கேட்டா போதும்னு நீங்க எழுதினதுக்கு மட்டும் முதல்ல பதில் சொல்றேன்.

தோட்டத்துல ஒரு கிலோமீற்றருக்குள்ள நாலஞ்சு பிரிவு வரும். லொறி போற ரோடு, குறுக்குப் பாதை, கொழுந்து எடுக்கப் போற ஒத்தையடி, கானோரத்து வழி. போன்ல தெரியிற கோடு ஒண்ணுதான். மரத்துக்குக் கீழயும் மிஸ்ட்லயும் அது பத்துப் பதினஞ்சு மீற்றர் தள்ளிக் காட்டினா போதும், நீங்க பக்கத்து மலைக்கு ஏறிருவீங்க. யாரையாவது கேட்டா, "பத்தாம் நம்பர் மலைக்கு மேல ஏறி பழைய பங்களா ரோட்டுல விழுந்து கீழ் டிவிசன் கோயில்ல திரும்புங்க"ன்னு சொல்வாங்க. நல்ல தமிழ்தான். ஆனா பத்தாம் நம்பர் எதுன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?

அடுத்தது, வரைபடத்துல வராத மூணு விசயம்.

மருந்து அடிச்ச மலை. புல்லுக்கு மருந்து அடிச்ச அன்னைக்கு அந்த மலைக்குள்ள நடக்கக் கூடாது. பார்த்தா ஒண்ணும் தெரியாது. அந்த டிவிசன் ஆளுக்குத்தான் தெரியும். அதே காரணத்தால, தேயிலைக்குக் கீழ வர்ற ஊத்துத் தண்ணியைக் குடிக்காதீங்க. எவ்வளவு தெளிவா இருந்தாலும் உரமும் மருந்தும் அதுல கலந்திருக்கலாம். லயத்துல (தோட்டத்து வரிசை வீடுகள்ல) சுட வச்சத கேட்டு வாங்கிக் குடிங்க.

குளவி. தோட்டத்துல பெரும்பாலானவங்க பயப்படறது சிறுத்தைக்கு இல்ல, குளவிக்குத்தான். கொழுந்து எடுக்கிறவங்க குளவி கொட்டி ஆஸ்பத்திரிக்குப் போறதும், உயிர் போறதும் மலையகத்துல அடிக்கடி நடக்கிறது. கூடு உயர மரத்துலயும் கல் இடுக்குலயும் இருக்கும். எந்த மரம்னு அந்த ஊர்ச் சனத்துக்குத் தெரியும், சுத்திக் கூட்டிட்டுப் போவாங்க. வாசனைத் திரவியம் பூசாதீங்க, கல்லெறியாதீங்க, கூச்சல் போடாதீங்க. கிளம்பிருச்சுன்னா தலையையும் மூஞ்சியையும் துணியால மூடிட்டு, நிக்காம அந்த இடத்தை விட்டு ஓடணும். நின்னு கையால அடிச்சா இன்னும் வரும். உதடு வீங்கினாலோ மூச்சு முட்டினாலோ ஒரு நிமிசமும் தாமதிக்காம ஆஸ்பத்திரி.

மூணாவது, 1990 நம்பருக்கு அடிச்சா வர்ற அம்புலன்ஸ். அது வரும், ஆனா தார் ரோடு வரைக்கும்தான். அதுக்கு மேல தோட்டத்து லொறியோ, கம்பளில கட்டித் தூக்குற ஆளோதான். நீங்க நிக்கிற இடத்தைச் சொல்லணும்னா தோட்டத்துப் பேர், டிவிசன், மலை நம்பர் மூணும் வேணும். நம்பர் மலையோரத்துப் பலகையில எழுதியிருக்கும். தாண்டுற ஒவ்வொரு பலகையையும் ஒரு படம் எடுத்துக்கிட்டே போங்க.

அதனால கண்டி நிறுவனமும் வேணாம், வழிகாட்டி இல்லாமலும் வேணாம். அந்தந்தத் தோட்டத்து ஆள் ரெண்டு பேரைக் கூலிக்குப் பிடிங்க. ஒருத்தர் முன்னுக்கு, ஒருத்தர் பின்னுக்கு.

வேலணை_காற்று

எனக்கு இந்தப் பயணமே ஒப்பவில்லை, அதைச் சொல்லிவிடுகிறேன்.

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவர் ஆக்கியது. அந்தப் பிரச்சினையில்தான் தமிழ்க் காங்கிரஸ் பிளந்து 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சி பிறந்தது. அன்றைக்கு எங்கள் பக்கத்திலேயே எல்லாரும் அந்தச் சனத்தோடு நிற்கவில்லை. அப்படி நிற்காதவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றைக்குக் கமராவோடு லயன் வாசலால் நடந்து போவது என்னைக் கூச வைக்கிறது. ஒரு லயன் அறை ஏறத்தாழ 10 அடிக்கு 12 அடி. கதவைத் திறந்தால் நீங்கள் நடக்கும் பாதையே அவர்களின் முற்றம். 12 பேர் போய்க் கழிவறை கேட்டால், அதற்குத் தண்ணீர் சுமப்பது அந்த வீட்டுப் பெண்தான்.

கொழுந்து எடுப்பவர்களை நிறுத்திப் படம் எடுக்கும் பழக்கத்தையும் கணக்குப் போட்டுப் பாருங்கள். பல தோட்டங்களில் ஒரு நாளைக்கு 18 கிலோ எடுக்க வேண்டும், குறைந்தால் அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம். 7 மணிநேர வேலை என்று வைத்தால் மணிக்கு இரண்டரைக் கிலோ. 10 நிமிடம் சிரித்துக்கொண்டு நின்றால் 400 கிராமுக்கு மேல் போய்விடும். 2024இல் வர்த்தமானியில் வந்த நாட்சம்பளமே 1350 ரூபாதான் இருந்தது. அதிலும் கைவைக்கலாமா?

நடக்கத்தான் வேண்டுமென்றால் லயன்களை விலத்தி, காட்டுப் பக்கமாக நடவுங்கள்.

கொட்டகலை_கொழுந்து

அண்ணே, கமராவைப் பத்திச் சொன்னது நூத்துக்கு நூறு சரி. கணக்கும் சரி. ஆனா விலத்தி நடக்கச் சொல்றதை நான் ஒத்துக்க மாட்டேன்.

எங்க வாசலைத் தாண்டிப் போறவங்க யாருன்னு எங்களுக்குத் தெரியணும். வெள்ளைக்காரங்க வர்றாங்க, கொழும்புக்காரங்க வர்றாங்க, கண்டில காசு கட்டிட்டு வர்றாங்க. லயத்துக்கு வர்றது சில நேரம் கைநிறைய டொபி மட்டும்தான். யாழ்ப்பாணத்துச் சனமும் வெட்கப்பட்டுக்கிட்டு காட்டுப் பக்கமா போயிட்டா எங்களுக்கு என்ன லாபம்? வாங்க, பேசுங்க, காசு குடுத்துச் சாப்பிடுங்க.

சாப்பாட்டை இப்படி ஒழுங்கு பண்ணுங்க. 12 பேருக்கும் ஒரே வீட்டுல சமைக்கச் சொல்லாதீங்க, ரெண்டு அடுப்புல அது நடக்காது. மூணு வீடு, வீட்டுக்கு நாலு பேர். முதல் நாளே சொல்லி, பாதிக் காசை முன்னாலேயே குடுத்துருங்க, ஏன்னா கடைல கடன் வாங்கித்தான் சாமான் எடுப்பாங்க. நாலு பேருக்கு அரிசி 600 கிராம், பருப்பு 200, ஒரு மரக்கறி, சம்பல். தேங்காய் கீழ இருந்து வர்றதால மலையில விலை கூட, அதையும் சேர்த்துக் கணக்குப் பாருங்க. காலைல நடக்கிறதுக்கு ரொட்டியும் கட்டச் சம்பலும் கட்டிக் குடுத்தா மத்தியானம் வரைக்கும் தாங்கும். கோழி, கறின்னு கேட்டுத் தொந்தரவு பண்ண வேணாம்.

கழிவறைக்கு டவுன் கடை, ஸ்டோர் (தேயிலைத் தொழிற்சாலை), கோயில் மண்டபம் இதுல எது வழில வருதுன்னு வழிகாட்டிகிட்ட முதலே கேட்டு வைங்க. லயத்துல கேட்க வேண்டி வந்தா, பீலில இருந்து தண்ணியை நீங்களே எடுத்துட்டுப் போங்க.

நல்லூர்_நடை

சரி, ஆள் வேணுமெண்டதை ஏற்கிறன். ஆனா 12 பேருக்கு 2 பேர் எதுக்கு? ஒருத்தர் போதாதா? நாளுக்கு எவ்வளவு குடுக்கிறது? யாரைப் பிடிக்கிறதெண்டும் ஒருத்தரும் சொல்லேல்ல. வேலணை, உங்கட கூச்சம் எனக்கு விளங்குது. ஆனா 1949இல நடந்ததுக்காக 2 பேருக்குக் கிடைக்கிற கூலியை நாங்கள் நிப்பாட்டுறது எந்த வகையில நியாயம்?

கொட்டகலை_கொழுந்து

பாசி பிடிச்ச கல்ரோட்டுல கூட்டம் 200, 300 மீற்றருக்கு இழுபடும். வளைவுக்கு அந்தப் பக்கம் போனா முன்னுக்குப் போறவருக்குக் கடைசி ஆள் தெரியாது. 58 வயசுக்காரரு அங்கதான் இருப்பாரு. அதனாலதான் ரெண்டு.

கூலி: நாட்சம்பளத்தோட ரெண்டு மடங்குக்குக் குறையக் கூடாது. ஒருத்தருக்கு 4000ன்னு வைங்க. ரெண்டு பேர், நாலு நாள், 32,000. உங்க 12 பேருக்கும் பிரிச்சா ஆளுக்கு 2700கூட இல்ல. தோட்டம் மாறுற இடத்துல ஆளும் மாறணும், கலஹா ஆளுக்குப் பூண்டுலோயா குளவி தெரியாது. ஆள் பிடிக்க தோட்டத்துக் கோயில் கமிட்டி, இல்லாட்டி அந்த டிவிசன் பள்ளிக்கூடத்து டீச்சர் மூலமா கேளுங்க. டவுன்ல ஓட்டோ ஓட்டுறவங்கள்ல பாதிப் பேரு லயத்துப் பிள்ளைங்கதான், அவங்களும் காட்டிவிடுவாங்க. கட்டம் முடியிற எல்லா இடத்துலயும் தங்க இடம் இருக்காது, அதனால ஓட்டோ எப்படியும் தேவை.

ஆரியகுளம்_சந்தி

தங்கச்சி சொல்லுறது குளவிக்கும் பாதைக்கும் சரி. கால் முறிஞ்சால்? நாளுக்கொரு ஆள் மாறினால் பொறுப்பு ஆரிட்ட? காப்புறுதி இல்லை, முதலுதவி படிச்ச ஆளில்லை. 2025 நவம்பர் டித்வா புயலுக்குப் பிறகு மலையில மண் அசைஞ்ச இடங்கள் இருக்கு. 2014இல மீரியபெத்தையில லயன்களை மண் மூடினது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் மண்சரிவு எச்சரிக்கையை மஞ்சள், செம்மஞ்சள், சிவப்பு எண்டு விடுகுது. மஞ்சள் வந்தாலே அந்தப் பிரதேசத்தில நடக்கிறதில்லை எண்டு முடிவெடுக்க, 12 பேரும் காசு கட்டிப்போட்டு நிக்கேக்க "இண்டைக்குப் போகேல்ல" எண்டு சொல்ல அதிகாரமுள்ள ஒருத்தர் வேணும். கூலிக்கு வந்த பெடியன் அதைச் சொல்லுவானா? அனுமதிப் பத்திரக்காரர் ஒருத்தர், அவருக்குக் கீழ தோட்டத்து ஆக்கள். நான் இதில விட்டுக்குடுக்கமாட்டன்.

நல்லூர்_நடை

அந்த அதிகாரத்தைக் கூட்டத்துக்குள்ளயே ஒரு ஆளுக்குக் குடுக்கலாம். எங்களில 2 தாதியர் இருக்கினம். நிறுவனம் வேண்டாமெண்டதில நானும் மாறேல்ல. மாசி கடைசிக் கிழமை எண்டு திகதியை வைக்கிறன். திரும்பி வரேக்க பூண்டுலோயாவில இருந்து வட்டகொடை நிலையத்துக்குப் போய் ரயில் எடுக்கலாமா?

ஆரியகுளம்_சந்தி

புயலால மலையக ரயில் பாதை கன இடத்தில பழுதானது. அந்தக் கிழமை எதுவரைக்கும் ஓடுதெண்டு நிலையத்தில கேட்காமல் ரிக்கற் எடுக்காதேங்கோ. ஓடாட்டி தவலந்தென்னைச் சந்திக்கு வந்தால் கண்டி பஸ் பிடிக்கலாம். மருந்துப் பையை அந்தத் தாதியரில ஒருத்தர் பின்னுக்கு வாறவரோட கொண்டுவரட்டும்: இழுவைப் பட்டி 2, ஜீவனி (நீரிழப்புக்குக் கரைச்சுக் குடிக்கிற உப்புத்தூள்) 24 பக்கெற், அலர்ஜிக் குளிசை, பஞ்சு, பிளாஸ்ரர்.

கொட்டகலை_கொழுந்து

லூல்கந்துர பக்கத்துக் காட்டுத் துண்டுல ஈரம் இருந்தா அட்டை ஏறும். கால்சட்டையைக் காலுறைக்குள்ள விட்டு, மேல சவர்க்காரத்தைத் தேய்ங்க. கடிச்சா நெருப்பு வைக்காம, நகத்தால வாய்ப் பக்கத்தைத் தள்ளி எடுங்க. ரத்தம் கொஞ்ச நேரம் நிக்காது, பயப்படாம பஞ்சு வச்சு அழுத்திப் பிடிங்க. அங்க 1867ல டெய்லர் துரை போட்ட 19 ஏக்கர் தேயிலையைப் பார்க்கத்தான் எல்லாரும் நிப்பாங்க. அதைக் காடு வெட்டி நட்டது யாருன்னும் உங்க வழிகாட்டிகிட்ட கேளுங்க, சொல்வாங்க. புறப்பட மூணு நாளைக்கு முன்னாடி போன் போட்டு, மருந்து அடிக்கிற மலை எது, குளவி எங்க, பாதை எங்கயாவது சரிஞ்சிருக்கா, இந்த மூணையும் மறக்காம கேட்டுக்குங்க. ஆள் தேவைன்னா உள்பெட்டியில எழுதுங்க, பூண்டுலோயாப் பக்கம் ரெண்டு பேரை நான் கேட்டுச் சொல்றேன்.