‘பிட்டி’க்குத் தமிழ்ச்சொல்: உறுதிவரம்பா, பொய்யாப் பரிசிலா?

பென்னாகரம், கணித ஆசிரியை (ஞாயிறு இரவு)

குழுவினருக்கு வணக்கம். வியாழக்கிழமை பதினொன்றாம் வகுப்புக்கு நிகழ்தகவுப் பயிற்சித்தாள் கொடுத்தாக வேண்டும். ஒரே ஒரு சொல் கிடைக்காமல் தாள் பாதியில் நிற்கிறது.

சார்பிலா நிகழ்ச்சிகளை நடத்திக்கொண்டிருந்தேன். நாணயத்துக்கு நினைவு கிடையாது, ஒன்பது முறை பூ விழுந்துவிட்டது என்பதற்காகப் பத்தாவது முறை தலை விழ வேண்டும் என்று கட்டாயம் இல்லை என்றேன். கடைசி பெஞ்சிலிருந்து ஒரு மாணவன் எழுந்தான். “டீச்சர், நான் ஆடும் விளையாட்டுக்கு நினைவு இருக்கிறது. 89 முறை வராவிட்டால் 90-வது முறை கட்டாயம் வரும்” என்றான். வகுப்பே சிரித்தது. அன்று இரவு உட்கார்ந்து விவரம் தேடிப் படித்த பிறகுதான் அவன் சொன்னது முழுக்கச் சரி என்று தெரிந்தது. மறுநாள் எல்லோர் முன்னிலையிலும் அதைச் சொன்னேன்.

அவன் ஆடுவது 2020-ல் வெளிவந்த ‘கென்ஷின் இம்பாக்ட்’ என்ற கைபேசி, கணினி விளையாட்டு. காசு கொடுத்தோ, ஆடிச் சேர்த்தோ ஒரு குலுக்கல் எடுக்க வேண்டும். ஐந்து நட்சத்திரப் பரிசு விழும் வாய்ப்பு 0.6 விழுக்காடு. அந்த வாய்ப்பு மட்டும்தான் என்றால், 90 முறை எடுத்தும் நூற்றுக்கு 58 பேர் வெறுங்கையோடுதான் நிற்பார்கள். ஆனால் 90-வது முறை கட்டாயம் விழும் என்று விதி இருக்கிறது. பிள்ளைகள் அதை ‘பிட்டி’ என்கிறார்கள். தாளில் நான் என்ன எழுதுவது?

ஓசூர், விளையாடுகிறவன் (ஞாயிறு நள்ளிரவு)

டீச்சர், உங்கள் மாணவனுக்கு என் வாழ்த்தைச் சொல்லுங்கள். சொல் தேடுவதற்கு முன் பொருளைப் பிரித்துக்கொள்வோம், ஏனென்றால் ‘பிட்டி’ என்ற ஒரு சொல்லுக்குள் மூன்று செய்திகள் இருக்கின்றன.

முதலாவது, 90 என்ற கடைசிப் படி. இரண்டாவது, ஏறத்தாழ 74-வது குலுக்கலிலிருந்து வாய்ப்பு படிப்படியாக ஏறத் தொடங்குவது. இதை நிறுவனம் விதிகளில் எழுதவில்லை. ஆடுகிறவர்கள் ஆயிரக்கணக்கான முடிவுகளைத் தொகுத்துக் கண்டுபிடித்தார்கள். ஆனால் உறுதியையும் சேர்த்துக் கணக்கிட்டால் மொத்த வாய்ப்பு 1.6 விழுக்காடு என்று நிறுவனமே சொல்கிறது. அதாவது சராசரியாக 62 அல்லது 63 குலுக்கலுக்கு ஒன்று. மூன்றாவது, பரிசு விழுந்தாலும் அது நாம் கேட்ட கதாபாத்திரமாக இருக்க வேண்டியதில்லை. விளையாட்டு வந்த நாளிலிருந்து பாதிக்குப் பாதி என்பதுதான் விதி, 2024-ல் கொஞ்சம் தளர்த்தினார்கள். ஒரு முறை தவறினால் அடுத்த ஐந்து நட்சத்திரம் கேட்ட பாத்திரமேதான். ஆக மிக மோசமான நிலையில் 180 குலுக்கல். ஒரு குலுக்கலுக்கு 160 பிரிமோஜெம் (விளையாட்டுக்குள் செலவழிக்கும் நாணயம்) என்றால் மொத்தம் 28,800.

இன்னொன்று. ஜப்பானியர் இதை ‘கூரை’ என்ற பொருளில் ‘தெஞ்ஜோ’ என்கிறார்கள். சீனர் ‘பாவ்தி’ என்கிறார்கள், அடித்தளத்துக்குக் காப்பு என்று பொருள். ஆங்கிலத்தில் ‘பிட்டி’, அதாவது ‘இரக்கம்’. ஒரே விதி ஒரு நாட்டில் மேலே இருக்கிறது, ஒரு நாட்டில் கீழே இருக்கிறது, இன்னொரு இடத்தில் மனத்துக்குள் இருக்கிறது.

தருமபுரி, ஓய்வுபெற்ற தமிழாசிரியர் (திங்கள் காலை)

தம்பியின் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். கூரை வேண்டாம், தளமும் வேண்டாம். நம் தகடூர் மண்ணிலேயே இதற்குச் சொல் இருக்கிறது.

அதியமான் நெடுமான் அஞ்சியிடம் பரிசில் பெறப் போன ஒளவை, புறநானூற்றின் 101-ஆம் பாட்டில் என்ன சொல்கிறார்? அவன் பரிசில் தரும் காலம் ‘நீட்டினும் நீட்டாதாயினும்’, யானை தன் ‘கோட்டிடை வைத்த கவளம்’ போல அது நம் கையில் இருப்பதுதான், பொய்யாகாது என்கிறார். யானை கொம்புகளுக்கு இடையே வைத்த சோற்றுருண்டை வாய்க்குப் போகச் சற்றுத் தாமதமாகலாம். ஆனால் வேறு எங்கும் போகாது. காலம் நீளலாம், கிடைப்பது தவறாது என்பதை இதைவிடத் துல்லியமாக யாரும் சொல்லவில்லை.

எனவே ‘பொய்யாப் பரிசில்’. பொய்யா என்பது ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம், ஆகவே வல்லினம் மிகும். ஒற்றில்லாமல் யாரும் எழுதிவிட வேண்டாம். சுருக்கமாக வேண்டுமென்றால் ‘கோட்டுக்கவளம்’.

பென்னாகரம், கணித ஆசிரியை (திங்கள் மாலை)

ஐயா, பாட்டைப் படித்தபோது உடம்பு சிலிர்த்தது. உடனே இன்று வகுப்பில் கரும்பலகையில் எழுதிப் பார்த்தேன். எங்கள் பிள்ளைகளில் பலர் ஒகேனக்கல் பக்கத்தைச் சேர்ந்தவர்கள், சிலருடைய அப்பாக்கள் ஆற்றில் பரிசல் ஓட்டுகிறார்கள். நோட்டுகளைத் திருப்பிப் பார்த்தால் ஐந்தாறு பேர் ‘பொய்யாப் பரிசல்’ என்று எழுதியிருக்கிறார்கள். ஒரு பெண் பக்கத்தில் வட்டமாக ஒரு பரிசலையும், துடுப்போடு ஒரு ஆளையும் வரைந்து வைத்திருக்கிறாள். கவிழாத பரிசல் என்று புரிந்துகொண்டாளாம். அழகான பிழைதான், ஆனால் தேர்வில் பிழைதான். ‘கோட்டுக்கவளம்’ என்றதற்கு ‘கோடு’ என்றால் வரைகோடுதானே என்று கேட்டார்கள்.

காவேரிப்பட்டணம், ஜவுளிக்கடைக்காரர் (திங்கள் இரவு)

டீச்சரம்மா, இதற்கு ஏன் சங்க காலம் வரை போக வேண்டும்? எங்கள் தெருவில் இருபது பேர் சேர்ந்து குலுக்கல் சீட்டு நடத்துகிறோம். மாதம் ஒரு பெயர் எடுப்போம். விழுந்தவர் பெயர் மறுபடி டப்பாவுக்குள் போகாது. முதல் மாதம் எனக்கு இருபதில் ஒரு வாய்ப்பு, அடுத்த மாதம் பத்தொன்பதில் ஒன்று, கடைசி மாதம் டப்பாவில் என் பெயர் மட்டும்தான். குலுக்கவே வேண்டாம். வாய்ப்பு ஏறுவதும் கடைசியில் உறுதியாவதும் இதிலேயே இருக்கின்றன. ‘கடைசிச் சீட்டு’ என்று எழுதுங்கள். கிருஷ்ணகிரியில் எந்தத் தாயைக் கேட்டாலும் புரியும்.

அரூர், கல்வெட்டு ஆர்வலர் (செவ்வாய் காலை)

சீட்டு என்றதும் குடவோலை நினைவுக்கு வராமல் எப்படி? ‘கயிறுபிணிக் குழிசி ஓலை கொண்மார்’ என்று அகநானூறு 77 சொல்கிறது. முதலாம் பராந்தகன் காலத்து 919, 921-ஆம் ஆண்டு உத்திரமேரூர்க் கல்வெட்டுகளில் முழு நடைமுறையும் இருக்கிறது. குடத்துக்குள் இருப்பது இன்னதென்று அறியாத சிறுவனைக் கொண்டு ஓலை எடுக்கச் செய்தார்கள். குலுக்கலை ‘ஓலையெடுப்பு’ என்றும், உறுதியாக வருவதைக் ‘கடையோலை’ என்றும் சொல்லலாம்.

ஓசூர், விளையாடுகிறவன் (செவ்வாய் மதியம்)

அண்ணா, உத்திரமேரூரில் ஒரு குடும்புக்கு, அதாவது ஊரின் ஒரு பிரிவுக்கு, ஒரே ஓலைதான் எடுத்தார்கள். அங்கே கடையோலைக்கு இடமே இல்லை. சீட்டும் முழுதாகப் பொருந்தாது, ஏனென்றால் சீட்டில் எடுத்த பெயர் வெளியே போய்விடுகிறது, அதனால்தான் வாய்ப்பு ஏறுகிறது. காச்சாவில், அதாவது இந்த விளையாட்டுகளின் குலுக்கலில், எதுவும் வெளியே போவதில்லை. 73-வது குலுக்கல் வரை அதே 0.6 விழுக்காடுதான், அதுவரை நூற்றுக்கு 64 பேருக்கு எதுவும் விழுவதில்லை. பிறகு நிரல் தானாகவே வாய்ப்பை ஏற்றுகிறது. டப்பா காலியாவதால் வருவது வேறு, எண்ணி வைத்திருப்பவர் எண்ணம் வைத்து ஏற்றுவது வேறு. சொல்லில் ‘எண்ணிக்கை’ தெரிய வேண்டும் என்பது என் கருத்து.

கிருஷ்ணகிரி, மொழிபெயர்ப்பாளர் (செவ்வாய் இரவு)

இரண்டு கருத்துகள். முதலில் ‘காச்சா’ என்ற எழுத்து. ‘கச்சா’ என்று எழுதினால் எண்ணெய் நினைவுக்கு வருகிறது, ஆகவே நெடிலே சரி. பொம்மை விழும் இயந்திரத்தின் கைப்பிடியைத் திருகும் ஓசையிலிருந்து பிறந்த பெயர் அது. ஜப்பானிய மொழியில் ‘காச்சகாச்ச’ என்று இரட்டித்தும் சொல்வார்கள். தமிழில் ‘கடகட’ என்போம். ‘இரட்டைக் கிளவி இரட்டிற் பிரிந்திசையா’ என்ற தொல்காப்பிய விதிப்படி பாதியை வெட்டினால் நமக்குப் பொருளில்லை, ஜப்பானியர் வெட்டிவிட்டார்கள். எனவே மொழிபெயர்க்க வேண்டாம், அப்படியே வைத்துக்கொள்வோம்.

இரண்டாவதுதான் எனக்கு முக்கியம். தமிழாசிரியர் ஐயா மீது எனக்கு எவ்வளவு மதிப்பு என்று குழுவுக்குத் தெரியும். ஆனாலும் ‘பொய்யாப் பரிசில்’ கூடவே கூடாது. ஒளவை அதியமானுக்கு ஒரு காசு கொடுக்கவில்லை. அவன் கொடுத்தான், இவர் வாங்கினார். இங்கே 89 முறை கொடுத்தவன் பிள்ளை, வாங்கியது நிறுவனம். தொண்ணூறாவது முறை வருவது பரிசிலா, பணம் கொடுத்து வாங்கிய பொருளா? ‘இரக்கம்’ என்ற சொல் செய்யும் அதே கெடுதலைத்தான் ‘பரிசில்’ என்ற சொல்லும் செய்கிறது, விற்பவனை வள்ளலாக்குகிறது. வள்ளுவர் சூதாடியை ‘ஒன்றெய்தி நூறிழக்கும்’ என்கிறார். இந்த விளையாட்டில் அந்த நூறைத் தொண்ணூறு என்று முன்கூட்டியே அச்சிட்டு வைத்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

நில உச்சவரம்பு என்று சொல்லிப் பழகியவர்கள் நாம். வரம்பு என்றால் வயலில் நிற்கும் யாருக்கும் தெரியும். ‘உறுதிவரம்பு’ என்று முன்மொழிகிறேன். இத்தனை முறைக்குள் உறுதி என்பது அதில் இருக்கிறது, யாருடைய கருணையும் இல்லை.

ஓசூர், விளையாடுகிறவன் (செவ்வாய் நள்ளிரவு)

அக்கா சொல்வதில் முக்கால் பங்கை ஏற்கிறேன். ஆனால் வரம்பே இல்லாத விளையாட்டுகளும் இருந்தன. ‘கிரான்புளூ பேன்டசி’யில் 2016 புத்தாண்டுச் சமயத்தில் ஒருவர் ஒரே பாத்திரத்துக்காக இரண்டாயிரத்துக்கும் மேல் குலுக்கல் எடுத்ததை உலகமே பார்த்தது. அந்தக் கொந்தளிப்புக்குப் பிறகுதான் 300 குலுக்கல் எடுத்தால் வேண்டியதைத் தேர்ந்துகொள்ளலாம் என்ற விதி அங்கே வந்தது. ‘ஃபேட் கிராண்ட் ஆர்டர்’ 2015-ல் தொடங்கியது. 330-வது குலுக்கல் உறுதி என்ற விதி ஜப்பானில் 2022-ல்தான் வந்தது. ஆடுகிறவர்கள் போராடிப் பெற்ற காப்பு இது.

எனக்கே ஒரு முறை இப்படி நேர்ந்தது. வேறொரு விளையாட்டில், அந்தப் பரிசுக்கான காலம் முடிந்தாலும் எண்ணிக்கை தொடரும் என்று நம்பி எழுபது வரை எடுத்தேன். காலம் முடிந்ததும் எண்ணிக்கை சுழியாகிவிட்டது. அந்த மாதம் வீட்டுக்கு அனுப்ப வேண்டிய பணத்தில் ஒரு பகுதி அதில் போயிருந்தது. ஆகவே டீச்சர், எண்ணிக்கை தொடருமா அழியுமா என்ற கேள்வியைத் தாளில் கட்டாயம் சேருங்கள். உறுதிவரம்புக்கு என் வாக்கு.

தருமபுரி, ஓய்வுபெற்ற தமிழாசிரியர் (புதன் காலை)

கிருஷ்ணகிரி அம்மையாரின் வாதத்தில் உண்மை இருக்கிறது. அதியமானின் பெயரை ஒரு வணிகத்தின் வாசலில் நிறுத்தக் கூடாது என்பதை ஏற்கிறேன். ஆனால் எளிமை என்ற பெயரில் ஒவ்வொரு முறையும் சங்கச் சொல்லை ஒதுக்கினால், பிள்ளைகள் ‘கோடு’ என்றால் யானைக் கொம்பும்தான் என்று எப்போது அறிவார்கள்? தெரியாத சொல் என்பதற்காகவே அதைச் சொல்லிக்கொடுக்க வேண்டும். ‘உறுதி’யும் ‘வரம்பு’ம் நல்ல தமிழ்ச் சொற்கள், எனக்கு அவற்றின்மேல் வருத்தமில்லை. ‘பொய்யா’வையாவது காப்பாற்றுங்கள். ‘பொய்யா வரம்பு’ என்று எழுதலாம்.

காவேரிப்பட்டணம், ஜவுளிக்கடைக்காரர் (புதன் மதியம்)

நான் உறுதிவரம்புக்கு. கடைசிச் சீட்டில் அவரவர் போட்ட பணம் அவரவருக்கே திரும்பி வருகிறது, இதில் வருவதில்லை என்று என் மகன் விளக்கினான். அப்படியென்றால் சீட்டின் பெயரைக் கெடுக்க வேண்டாம்.

பென்னாகரம், கணித ஆசிரியை (புதன் இரவு)

ஜெராக்ஸ் கடை காலை எட்டு மணிக்குத் திறக்கும், நான் அனுப்பியாக வேண்டும். தாளில் ‘உறுதிவரம்பு’ என்று எழுதிவிட்டேன். வாய்ப்பு ஏறும் பகுதிக்கு யாரும் சொல் தரவில்லை, ‘ஏறுபடி’ என்று நானே வைத்துக்கொண்டேன், பிடிக்காதவர்கள் பொறுத்துக்கொள்ளுங்கள். நான்காவது வினா: எண்ணிக்கை தொடரும் விளையாட்டிலும் தொடராத விளையாட்டிலும் 70 குலுக்கலுக்குப் பின் நிபந்தனை நிகழ்தகவை ஒப்பிடுக. ஐந்தாவது வினாவாகக் காவேரிப்பட்டணத்துச் சீட்டு இருக்கிறது.

ஐயா, தாளின் மேல்பகுதியில் புறநானூறு 101-இன் மூன்று வரிகளை எழுதி, கோடு என்பதற்குப் பொருளும் போட்டிருக்கிறேன். அதியமான் காசு கேட்காமல் கொடுத்தவன், இந்த விளையாட்டு அப்படி அல்ல என்று வகுப்பில் சொல்வேன்.

தருமபுரி, ஓய்வுபெற்ற தமிழாசிரியர் (வியாழன் விடியல்)

மகிழ்ச்சி, அம்மா. ஆனால் என் மறுப்பு பதிவில் இருக்கட்டும். ‘ஏறுபடி’ வினைத்தொகை, அதில் குறையில்லை. அதைப் போலவே ‘பொய்யாப்படி’ என்றும் சொல்லலாம் என்று இரவு முழுவதும் தோன்றிக்கொண்டிருந்தது. அடுத்த பருவத்துத் தாளுக்கு முன் இதைத் திரும்பவும் எடுப்போம்.