புதுப்பிப்பு: பழைய லேப்டாப்பில் டெபியன் 12, வைஃபை வந்துவிட்டது

டெபியன் 12 (லினக்ஸ் வகை இயங்குதளம்) போட்ட பிறகு லேப்டாப்பில் வைஃபை பட்டியலே வரவில்லை என்று முன்பு எழுதியிருந்தேன். உள்ளே இருப்பது பிராட்காம் நிறுவனத்தின் பிசிஎம்4312 வைஃபை சிப். இப்போது வேலை செய்கிறது.

டெபியன் 12 நிறுவியில் ஃபர்ம்வேர்கள் (சிப்புக்குள் ஏற்றப்படும் சிறு மென்பொருள்கள்) சேர்ந்தே வருகின்றன, அப்புறம் இது மட்டும் ஏன் இல்லை என்று சிலர் கேட்டீர்கள். இந்தச் சிப்பின் ஃபர்ம்வேரை மற்றவர்கள் விநியோகிக்க உரிமம் இல்லை. அதனால் டெபியன் ஒரு நிறுவிப் பொதியை மட்டும் தருகிறது. அது இணையத்திலிருந்து பிராட்காமின் டிரைவரை இறக்கி, அதிலிருந்து ஃபர்ம்வேரை வெட்டி எடுத்து வைக்கும். இணையம் வரவே இணையம் வேண்டும், நல்ல வேடிக்கை! ஆண்ட்ராய்டு போனை கேபிளில் செருகி யூஎஸ்பி டெதரிங் (போனின் இணையத்தை லேப்டாப்புக்குத் தருவது) போட்டேன். எந்த அமைப்பும் செய்யாமல் இணைப்பு வந்தது.

டெபியன் பொதிகளை எங்கிருந்து எடுப்பது என்று சொல்லும் சோர்ஸ் பட்டியலில் 'கான்ட்ரிப்' (contrib) பிரிவைச் சேர்த்து, பி43 (b43, லினக்ஸ் கெர்னலில் உள்ள இந்தச் சிப்புக்கான டிரைவர்) ஃபர்ம்வேர் நிறுவிகளில் எல்பிபிஎச்ஒய் (lpphy) என்று பெயரில் இருப்பதைப் போடுங்கள். வைஃபை சிப்பின் சாதன எண் 4315 என்று முடிந்தால் உங்களுக்கும் அதுதான். பிறகு ரீஸ்டார்ட்.

பிராட்காமின் சொந்த 'டபிள்யூஎல்' (wl) டிரைவரைப் போடச் சொன்னவர்களுக்கு: பிராட்காம் அதை வெளியிடுவது 2015-உடன் நின்றுவிட்டது. புதிய கெர்னலுக்கு (லினக்ஸின் மையப் பகுதி) ஏற்ப ஒட்டு (பேட்ச், அதாவது நிரல் திருத்தம்) போட்டுத்தான் ஓட்டுகிறார்கள். தவிர, அது பி43-ஐ பிளாக்லிஸ்ட் செய்துவிடும், அதாவது ஏறவிடாமல் தடுத்துவிடும். ஏற்கெனவே போட்டிருந்தால் முதலில் நீக்குங்கள், இல்லையென்றால் பி43 எழும்பாது.

வேகம் பெரிதாக எதிர்பார்க்க வேண்டாம். ஏட்டளவில் 54 எம்பிபிஎஸ், கையில் கிடைப்பது அதில் பாதிகூட இல்லை. ரௌட்டரின் 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபை பெயர் இதில் தெரியாது, ரௌட்டரில் 2.4 கிகாஹெர்ட்ஸை அணைத்து வைக்காதீர்கள்.