மகனின் கேமில் ஃபிரெண்ட் ரிக்வெஸ்ட்டை மொத்தமாக மூடுவது எப்படி?

ஏழாம் வகுப்பு படிக்கும் என் மகன் போனில் ஆடும் துப்பாக்கிச் சண்டை கேமில், முன்பின் தெரியாதவர்களிடமிருந்து தினமும் 30, 40 ஃபிரெண்ட் ரிக்வெஸ்ட் வருகிறது. காலாண்டு விடுமுறையில் ஒரு கில்டில் (கேமில் ஒன்றாக ஆடுபவர்களின் குழு) சேர்ந்தான். அதற்கு மறுநாள் தொடங்கியது, மூன்று வாரமாகிறது. எண்ணிக்கை கூடப் பரவாயில்லை. அவன் ஏற்றுக்கொண்ட ஓர் ஆள், டைமண்ட் (கேமுக்குள் பொருள் வாங்க உதவும் காசு) அனுப்புகிறேன் என்று சொல்லி வாட்ஸ்அப் நம்பர் கேட்டிருக்கிறார். அதைப் படித்ததிலிருந்து எனக்குத் தூக்கமில்லை.

ரெட்மி போன், ஆண்ட்ராய்டு 13. கூகுள் ப்ளே கேம்ஸ் கணக்கு வழியாகத்தான் லாகின். அதன் செட்டிங்கில் ப்ரொஃபைலை யாரும் பார்க்க முடியாதபடி மாற்றினேன். பயனில்லை; கேமுக்குள் இருக்கும் நண்பர் பட்டியல் வேறு, ப்ளே கேம்ஸ் பட்டியல் வேறு என்பது அப்புறம்தான் புரிந்தது. ஒவ்வொருவராக பிளாக் செய்தால் புதுப் பெயரில் வருகிறார்கள். கில்டிலிருந்து விலகி, பெயரையும் மாற்றினோம். ஐடி எண் மாறவில்லை, ரிக்வெஸ்ட்டும் நிற்கவில்லை. கஸ்டமர் கேருக்கு எழுதி ஒன்பது நாளாகிறது, பதில் இல்லை.

புதுக் கணக்கு தொடங்கலாம் என்றால், இரண்டு வருடம் ஆடிச் சேர்த்த லெவல் போய்விடும் என்று பிள்ளை அழுகிறான்.

இதே கணக்கை வைத்துக்கொண்டு, வெளியாட்களின் ரிக்வெஸ்ட் வராமலே தடுக்க வழி உண்டா?