‘ஐகன்சின்’ என்ற சொல்லைத் தமிழில் எப்படிச் சொல்வது?

வணக்கம். சர்வாதிகார ஆட்சியில் சாதாரண மக்களின் அன்றாட வாழ்க்கை பற்றி ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். களம் கிழக்கு ஜெர்மனி. ஒரு வாரமாக இரண்டு ஜெர்மன் சொற்களில் மாட்டிக்கொண்டு நிற்கிறேன்.

முதலாவது, ‘ஐகன்சின்’. வரலாற்றாளர் ஆல்ஃப் லூட்கே தொழிற்சாலைத் தொழிலாளர்களைப் பற்றி எழுதும்போது பயன்படுத்தியது. வேலை நேரத்தில் ஒருவன் இயந்திரத்தை விட்டு நகர்ந்து, பக்கத்தில் நிற்பவனைச் சீண்டி விளையாடுகிறான். மேலாளரை எதிர்க்கவில்லை, பணியவும் இல்லை. கொஞ்ச நேரம் தன்பாட்டுக்கு இருக்கிறான், அவ்வளவுதான். அகராதி ‘பிடிவாதம்’ என்கிறது, பொருந்தவில்லை. ‘வீம்பு’ கிட்டே வருகிறது, ஆனால் அதில் சண்டை வாடை. ‘எதிர்ப்பு’ என்று போட்டால் ஆளை வீரனாக்கிவிடும்!

அப்புறம், ‘ஐங்காபெ’. கூரை ஒழுகுகிறது, கார் இன்னும் வரவில்லை என்றெல்லாம் மக்கள் அரசுக்கு எழுதிய கடிதங்கள். 1975 சட்டப்படி நான்கு வாரத்துக்குள் பதில் தர வேண்டியிருந்தது. 1989இல் சுமார் 91,000 முழுநேர ஊழியர்களை வைத்திருந்த ரகசியக் காவல்துறையான ஸ்டாசி மக்களை உளவு பார்த்த அதே நாட்டில்தான் இதுவும் நடந்தது. சிலர் ‘சரிசெய்யாவிட்டால் ஓட்டுப் போட வரமாட்டேன்’ என்றுகூட எழுதியிருக்கிறார்கள். ‘மனு’ என்றால் இந்த மிரட்டல் தொனி போய்விடுகிறது. ‘முறையீடு’ பரவாயில்லையா?

ஜெர்மன் தெரிந்தவர்கள், மொழிபெயர்ப்பவர்கள் யாராவது சொல்லுங்களேன். வட்டார வழக்கானாலும் சரி. ஒலிபெயர்ப்பாகவே விட்டுவிடலாம் என்று மட்டும் சொல்லாதீர்கள், அதைத்தான் இப்போது செய்துவைத்திருக்கிறேன்.