தேய்ந்துபோன தமிழ்க் கல்லறைக் கல்: தேதியைக் கண்டுபிடிப்பது எப்படி? சுத்தம் செய்யலாமா?

கேள்வி: ஈசூன்வாசி

வணக்கம். சிங்கப்பூரின் பழைய பிடாடாரி இடுகாட்டில் எடுத்த ஒரு படத்தில் தமிழ்க் கல் ஒன்று தெரிகிறது. கல் இப்போது இல்லை, படம் மட்டும்தான். பெயர் வரி பாதி அழிந்திருக்கிறது. தேதி வரி இப்படி: "அட்சய ௵ தை ௴ யஉ ௳ செவ்வாய்க்கிழமை". ஆங்கில ஆண்டு எங்கும் இல்லை. "யஉ" என்றால் என்ன? இது எந்த ஆண்டு?

இன்னொன்று. தீவில் இன்னும் நிற்கும் பழைய கல்லறைகளில் பாசி படர்ந்த எழுத்துகளைப் படிக்க பிளீச் ஊற்றித் தேய்க்கலாம், சாக்பீஸ் பூசலாம் என்கிறார்கள். செய்யலாமா?

பதில்: பஞ்சாங்கப்பித்தன்

"யஉ" எழுத்தல்ல, எண். 'ய' போலத் தெரியும் ௰ என்பது பத்து, 'உ' போலத் தெரியும் ௨ என்பது இரண்டு, சேர்த்தால் 12. ௵ வருடம், ௴ மாதம், ௳ நாள். ஆக, அட்சய வருடம் தை 12, செவ்வாய்.

தமிழ் எண்களில் பெரும்பாலானவை எழுத்துகளைப் போலவே இருப்பதால் இப்படி ஏமாறுவது சகஜம். ௧ 'க' போலவும், ௫ 'ரு' போலவும், ௬ 'சு' போலவும், ௭ 'எ' போலவும், ௮ 'அ' போலவும் தெரியும். தேதி வரியில் பொருளில்லாத எழுத்துக் கூட்டம் வந்தால் முதலில் எண்ணாகப் படித்துப் பாருங்கள். ஆண்டையும் இரண்டு விதமாகப் பொறித்திருப்பார்கள். ௧௯௨௬ என்று இடமதிப்பு முறையில் இருக்கலாம். அல்லது ௲௯௱௨௰௬ என்று பழைய முறையில், ஆயிரம், ஒன்பது நூறு, இரண்டு பத்து, ஆறு என்று இருக்கலாம். இரண்டும் 1926தான்.

இனி ஆண்டு. அட்சய 60 ஆண்டுச் சுற்றின் கடைசி ஆண்டு. 1866-67, 1926-27, 1986-87 மூன்றுமே அட்சயதான். பிடாடாரி 1908இல் திறந்து 1972இல் மூடப்பட்டது; ஆகவே 1926-27 மட்டுமே பொருந்தும். இதோடு நிறுத்தாமல் கிழமையையும் சரிபாருங்கள். தமிழ் ஆண்டு சித்திரையில், அதாவது ஏப்ரல் நடுவில் தொடங்குகிறது. எனவே அட்சய வருடத்துத் தை 1926இல் வராது, 1927 ஜனவரியில்தான் வரும். பலர் சறுக்குவது இங்கேதான்: தை, மாசி, பங்குனி மாதங்களுக்கு ஆண்டில் ஒன்றைக் கூட்ட மறந்துவிடுகிறார்கள். 1927இல் தை 12 என்பது ஜனவரி 24 அல்லது 25. சங்கராந்தி நேரத்தைப் பொறுத்து ஒரு நாள் நகரும். அந்த 24 திங்கள், 25 செவ்வாய். கல்லில் செவ்வாய் என்றிருப்பதால் 25.01.1927 என்று முடிவு செய்யலாம். ஒப்பிட்டுப் பார்த்தால் 1867இல் அதே தை 12 புதன் அல்லது வியாழனில் விழும், 1987இல் ஞாயிற்றை ஒட்டி விழும். இரண்டும் செவ்வாய்க்கு ஒத்துவராது. இடமும் கிழமையும் தனித்தனியாக ஒரே ஆண்டைக் காட்டுவதால் இந்த முடிவை நம்பலாம்.

முஸ்லிம்களின் மீசான் கல்லில், அதாவது கல்லறைக் கல்லில், ஹிஜ்ரி ஆண்டு மட்டும் இருந்தால், அதை 0.97ஆல் பெருக்கி 622ஐக் கூட்டுங்கள். 1345 என்றால் 1926-27 வரும். இது தோராயம்தான், மாதமும் நாளும் தெரிந்தால் அட்டவணையில் பாருங்கள்.

பதில்: கல்லும்_உளியும்

பிளீச் வேண்டவே வேண்டாம். அதிலுள்ள உப்பு கல்லின் நுண்துளைகளுக்குள் இறங்கி, காயும்போது படிகமாகப் பருத்து, மேற்பரப்பைச் செதில் செதிலாக உதிர்க்கும். அன்றைக்குக் கல் பளிச்சென்றுதான் இருக்கும், கேடு பிறகுதான் தெரியவரும். வினிகர், எலுமிச்சை, கழிவறை கழுவும் திரவம் எல்லாம் அமிலம், பளிங்கைக் கரைக்கும். கிரானைட் தாங்கும் என்றாலும் அதில் பதித்த ஈய எழுத்தும் வண்ணமும் தாங்காது. கம்பித் தூரிகையும் உயர் அழுத்தத் தண்ணீர்க் குழாயும் அப்படியே.

முதலில் விரலால் தடவுங்கள். மாவு போல ஒட்டினாலோ, தட்டும்போது உள்ளே வெற்றோசை கேட்டாலோ அந்தக் கல்லைத் தொடாமல் படம் மட்டும் எடுங்கள். உறுதியாக இருந்தால், இடத்துக்குப் பொறுப்பானவர்களின் அனுமதியோடு வெறும் தண்ணீரால் நன்றாக நனைத்துக் கால்மணி நேரம் ஊறவிடுங்கள். பாசி இளகியதும் மூங்கில் குச்சியால் மெல்ல நெம்பி, மென்மையான நைலான் தூரிகையால் கீழிருந்து மேலாகத் தேயுங்கள். மேலிருந்து தொடங்கினால் அழுக்குத் தண்ணீர் காய்ந்த பகுதியில் வழிந்து கோடு பதியும். வட்ட வட்டமாக ஒட்டியிருக்கும் கற்பாசியைச் சுரண்டாதீர்கள். அதன் வேரிழைகள் கல்லுக்குள் இறங்கியிருக்கும். பிய்த்தால் எழுத்தும் சேர்ந்தே வரும்.

சாக்பீஸை நான் எதிர்ப்பதற்குக் காரணம் கறை மட்டுமல்ல. 'ர' என்று நீங்கள் நினைத்ததை வெள்ளையாக நிரப்பிவிட்டால், படத்தைப் பார்க்கும் எல்லோரும் 'ர' என்றே படிப்பார்கள். பழைய கற்களில் 'ர'வும் கால் குறியும் ஒரே வடிவில் இருக்கும், புள்ளியும் பல இடங்களில் விடுபட்டிருக்கும். அந்தச் சந்தேகம் பதிவில் அப்படியே இருக்க வேண்டும்.

எழுத்தைக் காட்டுவது வெளிச்சம்தான். நடுப்பகல் வெயில் உச்சியிலிருந்து விழும்போது, படுத்திருக்கும் கல்லில் எதுவும் தெரியாது. காலை 8 மணியை ஒட்டியோ மாலை 5 மணிக்குப் பிறகோ செல்லுங்கள். நிழலில் இருக்கும் கல்லுக்கு, ஒருவர் முகம் பார்க்கும் கண்ணாடியால் வெயிலைத் திருப்பி, கல்லின் பரப்போடு 10 முதல் 20 பாகைச் சாய்வில் பாய்ச்சட்டும். மற்றவர் படம் எடுக்கட்டும். இடம், வலம், மேல் என்று மூன்று பக்கமிருந்தும் எடுங்கள். பக்கவாட்டு ஒளியில் நிமிர்ந்த கோடுகள் தெரியும், கிடைக்கோடுகள் மறையும். மேலிருந்து வரும் ஒளியில் அது தலைகீழாகும். ஒரே படத்தை வைத்து எழுத்தை முடிவு செய்யக்கூடாது.

பதில்: வடக்குநோக்கி

எழுத்தோடு இடத்தையும் பதியுங்கள். ஃபோர்ட் கெனிங் குன்றில் பழைய கிறிஸ்துவக் கல்லறைக் கற்கள் செங்கல் சுவரில் பதிக்கப்பட்டிருக்கின்றன. வாசகம் பிழைத்தது, எந்தக் குழி, யார் பக்கத்தில் யார், எந்தத் திசை என்பதெல்லாம் போய்விட்டது. புக்கிட் பிரவுன் இடுகாட்டில் சாலைக்காகத் தோண்டுவதற்கு முன் 3,700க்கும் மேற்பட்ட கல்லறைகளை இருந்த இடத்திலேயே ஆவணப்படுத்தினார்கள். அதன் அருமை இதனால்தான்.

தலை எந்தப் பக்கம் என்று திசைகாட்டியில் பாருங்கள். சிங்கப்பூரில் காந்த வடக்கும் உண்மை வடக்கும் ஒரு பாகைகூட வேறுபடாது, கைப்பேசியே போதும். இரும்பு வேலியிலிருந்து மட்டும் தள்ளி நில்லுங்கள். இங்கிருந்து கிப்லா, அதாவது மக்காவின் திசை, ஏறக்குறைய 293 பாகை. உடலை வலப்புறமாகச் சாய்த்துக் கிப்லாவைப் பார்க்க வைப்பதால் முஸ்லிம் கல்லறையான கபரின் தலைமாடு ஏறக்குறைய 23 பாகையில், வடக்கிலிருந்து சற்றுக் கிழக்காக இருக்கும். இந்துக்கள் தெற்கே தலைவைப்பது வழக்கம். கல் சாய்ந்தோ பெயர்ந்தோ கிடந்தால், குழியின் விளிம்பை வைத்து அளவெடுங்கள், கல்லை வைத்து அளக்காதீர்கள்.

ஈசூன்வாசி

மூவருக்கும் நன்றி. பழைய குழிகளைத் தோண்டும்போது சிலவற்றில் எலும்பே கிடைப்பதில்லை என்கிறார்களே, அப்படியானால் அங்கே யாரையும் புதைக்கவில்லை என்று பொருளா?

வடக்குநோக்கி

இல்லை. இங்குள்ள மண் பெரும்பாலும் அமிலத் தன்மை கொண்டது, மழையும் அதிகம். எலும்பின் தாதுப்பொருள் அமில நீரில் மெல்லக் கரைந்துவிடும். பல்லின் எனாமல் கடினமானது, அதனால் அது மட்டும் கடைசிவரை தங்கும். ஆதிச்சநல்லூரில் முதுமக்கள் தாழிக்குள் எலும்பு கிடைத்ததை வைத்து இங்கும் எதிர்பார்க்கக்கூடாது. மண்ணும் வேறு, மழையும் வேறு. இங்கே தேட வேண்டியவை சுற்றியுள்ள மண்ணைவிடக் கறுத்த ஆள் நீளக் கறை, பெட்டியின் ஆணிகள் வரிசையாக விட்டுச்சென்ற துருத் தடங்கள், பித்தளைக் கைப்பிடி, பொத்தான், வளையல் துண்டு ஆகியவை. மேல்மண்ணை மண்வெட்டியால் ஒரேயடியாக வாரினால் அந்தக் கறை கலைந்துவிடும். கொல்லுறுவால், அதாவது கொத்துக்கரண்டியால், 2, 3 செ.மீ. அடுக்காகச் சீவி, ஒவ்வொரு அடுக்கிலும் நிறம் மாறும் எல்லையைப் படம் எடுக்க வேண்டும். ஆனால் அனுமதி இல்லாமல் யாரும் ஒரு பிடி மண்ணைக்கூடத் தோண்டக்கூடாது. நீங்கள் செய்யக்கூடியது தரைக்கு மேலுள்ள பதிவு மட்டும்.