கார் பிரேக்குல காலிப்பர் பின்னு இறுகியோ தேஞ்சோ அவஸ்தைப்பட்டவங்க உங்க அனுபவத்தைச் சொல்லுங்க, முதல்ல என்னோடது

வணக்கம்ங்க. என் வண்டி 2008 ஸ்விஃப்ட் பெட்ரோல், நான் ரெண்டாவது ஓனர், இப்ப 1,34,000 கிலோமீட்டர் ஓடியிருக்கு. ஊரு பொள்ளாச்சி பக்கம்ங்கறதால மாசத்துக்கு ஒருதடவையாவது வால்பாறை ஏறி இறங்கற வேலை வந்துரும். 40 கொண்டை ஊசி வளைவு, பிரேக்குல ஒரு குறை இருந்தா அந்த ரோட்டுல மறைக்கவே முடியாது.

போன வருஷம் அம்மாவையும் பொண்ணையும் கூட்டிட்டு மேல இருந்து இறங்கிட்டு இருக்கேன், ரெண்டாவது கியர்லதான் வர்றேன், பிரேக்கை தேவைக்கு மட்டும்தான் தொடறேன், ஆனாலும் பாதி தூரம் வர்றதுக்குள்ள ஒரு தீஞ்ச வாடை, முன்னாடி போற லாரியா இருக்கும்னு நெனச்சு விட்டுட்டேன், அப்புறம் பாத்தா முன்னாடி லாரியே இல்ல. 9ஆவது வளைவுல லோம்ஸ் வியூ பாயிண்ட் கிட்ட ஓரங்கட்டி இறங்கினா முன் இடது சக்கரத்துல இருந்து லேசா புகை. பெடல் வேற எப்பவும் நிக்கிற எடத்தை விட கீழ போச்சு. அம்மா ஒண்ணும் கேக்கல, பொண்ணை மடியில இழுத்து வச்சுக்கிட்டாங்க, அதைப் பாத்ததும் எனக்கு வயித்தைக் கலக்கிருச்சு. முக்கால் மணி நேரம் அங்கயே ஆற விட்டுட்டு முதல் கியர்லயே ஆழியார் வந்து சேந்தோம். சூட்டுல தண்ணி ஊத்தலாம்னு பக்கத்துல ஒருத்தர் பாட்டிலோட வந்தாரு, வேண்டாங்கன்னுட்டேன், கொதிக்கற பிரேக் டிஸ்க்குல பச்சைத் தண்ணி பட்டா கோணிக்கும், வெடிப்பு கூட விடும்.

இதுல எனக்கு கோவம் எங்கன்னா, அந்த இடது பக்க பிரேக் பேடு மாத்தி 9,000 கிலோமீட்டர்தான் ஆச்சு. அதுக்கு முன்னாடியும் ஒருதடவை சீக்கிரமே தேஞ்சுது. ரெண்டு தடவையும் ஒரே ஒர்க்‌ஷாப், பில்லு போட்டு பேடு மாத்திக் கொடுத்தாங்க, "பேடு குவாலிட்டி சரியில்ல சார், இந்தத் தடவை நல்லது போட்டுருக்கோம்"னாங்க. ஏன் இடது பக்கம் மட்டும் போகுது, அதுலயும் ஏன் உள்பக்கப் பேடு மட்டும் போகுதுன்னு அவங்களும் யோசிக்கல, நானும் கேக்கல.

அப்புறம் பொள்ளாச்சியில ஒரு சின்ன ஷெட்டுக்குப் போனேன், பெரியவரு, 60 வயசுக்கு மேல இருக்கும். வீலைக் கழட்டி ரெண்டு பேடையும் எடுத்து என் கையில கொடுத்தாரு. வெளிப்பக்கப் பேடுல மெட்டீரியல் இன்னும் நல்லாவே இருக்கு, உள்பக்கம் இருக்கற பேடு இரும்பு தெரியற அளவுக்குப் போயிருச்சு, அதுவும் நேரா தேயாம ஆப்பு மாதிரி சாஞ்சு தேஞ்சிருக்கு. "தம்பி, இது பேடு தப்பில்ல, காலிப்பர் நகரல"ன்னாரு.

தெரியாதவங்களுக்காக சொல்றேன். காலிப்பர்னா சக்கரத்தோட சுத்தற டிஸ்க்கை ரெண்டு பேடால ரெண்டு பக்கமும் கவ்வற பாகம். நம்ம சின்னக் கார்ல பெரும்பாலும் முன்னாடி இருக்கறது மிதக்கற காலிப்பர், பிரேக் ஆயில் அழுத்தத்துல நகர்ற பிஸ்டன் ஒரு பக்கம் மட்டும்தான் இருக்கும். பிரேக் மிதிச்சா பிஸ்டன் உள்பக்கப் பேடைத் தள்ளும், அது டிஸ்க்குல முட்டினதும் மொத்தக் காலிப்பரும் எதிர்ப்பக்கம் நகந்து வெளிப்பக்கப் பேடை இழுத்துப் புடிக்கும். அந்த நகர்வு நடக்கறதே ரெண்டு பின்னு மேலதான். காலிப்பரைத் தாங்கற, நகராத பிராக்கெட்ல இருக்கற ஓட்டைக்குள்ள பின்னு வழுக்கிட்டுப் போய் வரணும். பின்னு இறுகிருச்சுன்னா வெளிப்பக்கம் வேலை செய்யாது, காலை எடுத்தாலும் காலிப்பர் திரும்பி வராது, உள்பக்கப் பேடு டிஸ்க்கை உரசிட்டே இருக்கும். அந்த சூடுதான் எனக்கு வாடையா வந்தது. சூடு பிரேக் ஆயிலுக்கும் போகும். டாட் 3ங்கற தரத்துல புது ஆயில் குறைஞ்சது 205 டிகிரி வரைக்கும் கொதிக்காம தாங்கணும், டாட் 4 குறைஞ்சது 230, ஆனா ஈரம் இழுத்த பழைய ஆயிலுக்கு அந்தக் கணக்கு 140, 155ன்னு இறங்கிரும். உள்ள கொதிச்சு ஆவியாச்சுன்னா பெடல் பஞ்சு மாதிரி அமுங்கும். மலை எறக்கத்துல அப்படி ஆனா என்ன ஆகும்னு எழுதக்கூட மனசு வரல.

கீழ்ப் பின்னு கையால இழுத்ததும் வந்துருச்சு. மேல் பின்னு அசையல. பின்னை மூடற ரப்பர் உறை, பூட்டுன்னு சொல்வாங்க, அது ஒரு எடத்துல கிழிஞ்சு தண்ணியும் மண்ணும் உள்ள போயிருக்கு. பெரியவரு இழுக்காம, இந்தப் பக்கம் அந்தப் பக்கம்னு கொஞ்சம் கொஞ்சமா திருப்பித் திருப்பி கால் மணி நேரத்துல எடுத்தாரு. வெளிய வந்த பின்னை நான் கையில வாங்கிப் பாத்தேன், கிரீஸு காஞ்சு கருப்பட்டிப் பாகு ஒட்டின மாதிரி கெட்டியா இருக்கு, அதைத் தொடச்சா ஒரு பக்கம் மட்டும் துரு, இன்னொரு பக்கம் பளபளன்னு தேஞ்சு போயி நகத்தை வச்சு இழுத்தா படிக்கட்டு மாதிரி தட்டுது. இதை உப்புத்தாள் போட்டுத் தேச்சு திரும்ப மாட்டலாமான்னு கேட்டேன். "மேல இருக்கற முலாம் போயிரும் தம்பி, அடுத்த மழைக்கே துரு ஏறும், புதுசு போடு"ன்னுட்டாரு.

ரெண்டு பக்கத்துக்கும் நாலு பின்னு, நாலு பூட்டு, புது பேடு செட்டு. பின்னும் பூட்டும் சேந்த கிட்டு பேடு விலையில பாதி கூட வரல. இதுக்காகவா ரெண்டு செட்டு பேடைத் தின்னுச்சுன்னு இருந்துச்சு.

அவரு செஞ்சதுல நான் கவனிச்சது சிலது. காலிப்பரை பிரேக் ஹோஸ்ல தொங்க விடல, கம்பி போட்டு சஸ்பென்ஷன் ஸ்பிரிங்குல கட்டினாரு. பிராக்கெட் ஓட்டைக்குள்ள பிரேக் கிளீனர் அடிச்சு குச்சியில துணி சுத்தி அழுக்கு வராத வரைக்கும் தொடச்சாரு. கிரீஸு பின்னு மேல மெல்லிசா பூசினாரு, உள்ள அடைக்கல, அடைச்சா காத்தும் கிரீஸும் மாட்டி பின்னு உள்ள போகாம திரும்பத் தள்ளும். பின்னை முழுசா உள்ள தள்ளி பூட்டோட உதட்டை லேசா தூக்கி காத்தை வெளிய விட்டுட்டு அப்புறம்தான் காடியில உக்கார வச்சாரு. கடைசியா என்னை உள்ள உக்காரச் சொல்லி பெடல் கெட்டியாகற வரைக்கும் மிதிக்க வச்சாரு, ஏன்னா பிஸ்டனைப் பின்னாடி தள்ளியிருக்கோம், அப்படியே வண்டியை எடுத்தா முதல் மிதிக்கு பிரேக்கே இருக்காது. பிரேக் ஆயிலையும் அன்னைக்கே மாத்திட்டோம்.

உங்களுக்கு இப்படி நடந்திருந்தா எழுதுங்க.

———

அண்ணா, படிக்கும்போதே பதட்டமா இருந்துச்சு. என்னோடது சென்னை, பள்ளிக்கரணை. 2023 டிசம்பர்ல மிக்ஜாம் புயல் வந்தப்ப என் பழைய சான்ட்ரோ ரெண்டு நாள் கதவு உயரத்துக்கு தண்ணியில நின்னுச்சு. தண்ணி வடிஞ்சதும் இன்ஜின் ஆயில், கியர் ஆயில், சீட்டு, கார்ப்பெட்டு, வயரிங் எல்லாம் பாத்தோம், பிரேக் பக்கம் மட்டும் யாருமே போகல, ஏன்னா பிரேக் புடிக்குதே. நாலு மாசம் கழிச்சு மைலேஜ் இறங்குது, சிக்னல்ல நியூட்ரல் போட்டா வண்டி உருளாம கட்டிப் போட்ட மாதிரி நிக்குது. ஜாக்கி போட்டுத் தூக்கி கையால சுத்தினா வலது சக்கரம் அரை சுத்துக்கூட சுத்தல.

கழட்டினா ஒரு பின்னு பிராக்கெட்டோட ஒட்டிப் போச்சு. நாங்க கொஞ்சம் அவசரப்பட்டு பெரிய ஸ்பேனருக்கு பைப்பு மாட்டித் திருப்பினோம், பின்னு பாதியில ஒடிஞ்சு மீதி உள்ளயே நின்னுருச்சு. அப்புறம் புதுப்பேட்டையில அலைஞ்சு ஒரு பழைய பிராக்கெட் வாங்கி, பின்னும் பூட்டும் ஜி.பி. ரோட்டுல புதுசா வாங்கிப் போட்டோம். பழைய பிராக்கெட் வாங்கறவங்க புதுப் பின்னை கையோட எடுத்துட்டுப் போங்க, ஓட்டைக்குள்ள விட்டு ஆட்டிப் பாருங்க, லொடலொடன்னு ஆடினா ஓட்டையே தேஞ்சிருக்குன்னு அர்த்தம், அதுல எவ்வளவு நல்ல பின்னு போட்டாலும் பிரயோஜனம் இல்ல. நான் மூணாவது கடையிலதான் சரியானது பாத்தேன்.

வெள்ளத்துல நின்ன வண்டி யாருகிட்ட இருந்தாலும் தயவுசெஞ்சு நாலு சக்கரத்தையும் கழட்டிப் பாத்துடுங்க. பின்னாடி டிரம்மா இருந்தா அதையும்தான்.

———

எனக்கு இதுக்கு நேர் எதிரா நடந்துச்சு அண்ணாச்சி. நான் திருநெல்வேலி. 2006 வேகன்ஆர், பின்னு இறுகல, தேஞ்சு லூஸாயிட்டு. கல்லு ரோட்டுல போனா முன்னாடி "டொக்கு டொக்கு"ன்னு ஒரு சத்தம், ஒரு வருஷமா தொரத்துனேன். லோயர் ஆர்ம் புஷ்ஷு மாத்தியாச்சு, ஸ்ட்ரட் மவுண்ட்டு மாத்தியாச்சு, கடைசில ஸ்டியரிங் ரேக்குன்னு சொல்லி அதுக்கு ஒரு பெரிய எஸ்டிமேட் கொடுத்தாவ. அவ்வளவு துட்டு எங்க போயி பொரட்டுறதுன்னு ராத்திரி தூக்கமே இல்ல.

எங்க மாமா பழைய லாரி டிரைவர், ஒருநா என்கூட வந்தாரு. "சத்தம் வரும்போது பிரேக்கு மேல லேசா காலை வையி மாப்ள, வண்டி நிக்கக் கூடாது, சும்மா தொட்டுக்கிட்டு போ"ன்னாரு. தொட்டேன், சத்தம் நின்னுட்டு. காலை எடுத்தேன், திரும்ப டொக்கு டொக்கு. நாலு தடவை செஞ்சு பாத்தோம், நாலு தடவையும் அப்படித்தான். பிரேக் தொட்டா காலிப்பர் டிஸ்க்கை கவ்வி நின்னுக்கிடுது, ஆட எடமில்ல, அதான் சத்தம் வரல. ஸ்ட்ரட்டோ ஆர்மோ போயிருந்தா பிரேக்கை லேசா தொடுறதால சத்தம் நிக்கணும்னு அவசியமில்ல. ஒரு வருஷச் செலவு எனக்கு அந்த ஒரு நிமிஷத்துல வெளங்கிட்டு.

பின்னைக் கழட்டி வெர்னியர் வச்சு அளந்தோம், தேயாத நுனிக்கும் நடுவுக்கும் நல்லாவே வித்தியாசம் தெரிஞ்சுது. இன்னொண்ணு, நெறைய வண்டியில ரெண்டு பின்னும் ஒரே மாதிரி இருக்காது, ஒண்ணோட நுனியில சின்ன ரப்பர் புஷ்ஷு இருக்கும், அதுக்கு மேலயா கீழயான்னு எடம் உண்டு. எனக்கு முன்னாடி எவரோ மாத்தி மாட்டியிருந்தாவ. கழட்டும்போதே போன்ல ஒரு போட்டோ எடுத்து வச்சுக்கிடுங்க. அந்த ரப்பருக்கு சாதா கிரீஸ் வைக்கவே கூடாது, பெட்ரோலிய கிரீஸ் பட்டா அது ஊதிப் போயி பின்னையே இறுக்கிரும். சிலிகான் கிரீஸ், இல்லைனா காலிப்பர் பின்னுக்குன்னே விக்கிறது.

———

ஃபோர்டு ஐகான் இன்னும் வச்சிருக்கறவங்க யாராவது இருந்தா இது உங்களுக்கு. என்கிட்ட 2004 மாடல் இருக்கு, மறைமலைநகர்ல செஞ்ச வண்டி, அந்த பிளான்ட்டே இப்ப கார் செய்யறத நிறுத்திட்டாங்க, ஆனா என் வண்டியை விக்க மனசில்ல. இதுல பின்னு அமைப்பே வேற. வெளிய தெரியற போல்ட்டு கிடையாது, பிளாஸ்டிக் மூடியை எடுத்தா உள்ள 7 எம்எம் ஆலன் கீ போடற மாதிரி இருக்கும். சாதாரண ஆலன் செட்டுல 6 இருக்கும் 8 இருக்கும், 7 பெரும்பாலும் இருக்காது. ஒரு ஷெட்டுல 7 இல்லாம வேற எதையோ அடிச்சு எறக்கித் திருப்பி உள்ள இருந்த ஆறு மூலையையும் வழிச்சு விட்டுட்டாங்க, அப்புறம் வெல்டிங்ல நட்டு வச்சுத்தான் எடுக்க வேண்டி வந்துச்சு. அதனால வேலைக்கு வண்டியை விடறதுக்கு முன்னாடி நானே ஒரு 7 எம்எம் பிட் சாக்கெட் வாங்கி டேஷ்போர்டுல போட்டு வச்சுட்டேன். இந்த மாதிரி புஷ்ஷுக்குள்ள பின்னு ஓடற டைப்புல கிரீஸ் போடாம ட்ரையா மாட்டணும்னு சொல்ற கம்பெனிகளும் உண்டு, உங்க வண்டி மேனுவலைப் பாத்துட்டு செய்யுங்க.

———

முதல்ல எழுதினவன்தான் திரும்ப வர்றேன். எழுதின எல்லாருக்கும் ரொம்ப நன்றிங்க, அதுலயும் அந்த பிரேக் தொட்டுப் பாக்கற விஷயம் எனக்குப் புதுசு, என் தம்பி வண்டியில ஒரு சத்தம் இருக்கு, நாளைக்கே பாத்துர்றேன்.

தனி மெசேஜ்ல ரெண்டு பேரு இதை வீட்லயே செய்யலாமான்னு கேட்டிருந்தாங்க. அடுத்த தடவை கிரீஸ் மாத்தறப்ப நான் வீட்லதான் செஞ்சேன், பெரியவரைப் பக்கத்துல இருந்து பாத்ததால தைரியம் வந்துச்சு. ஆனா வெறும் ஜாக்கியை நம்பி வண்டிக்கிட்ட தலையைக் கொடுக்காதீங்க, ஸ்டாண்டு வச்சே ஆகணும். பின்னோட போல்ட்டைத் திருப்பும்போது பின்னும் கூடவே சுத்தும், அதைப் புடிச்சுக்க ஒல்லி ஸ்பேனர் ஒண்ணு தேவைப்படும். போல்ட்டு ஒரு வண்டிக்கு 12 எம்எம், ஒரு வண்டிக்கு 14, எல்லாத்துக்கும் மேனுவல்ல டார்க் அளவு, அதாவது எவ்வளவு பலமா இறுக்கணும்னு போட்டிருக்கும், அதுக்கு மேல பலத்தைக் காட்டினா மரை போயிரும். பிஸ்டனைத் தள்ளறப்ப மேல ஆயில் டப்பா பொங்குதான்னு ஒரு கண்ணு இருக்கணும், பெயின்ட்டுல சிந்தினா பெயின்ட்டை உரிச்சு எடுத்துரும், உடனே தண்ணி ஊத்திக் கழுவிருங்க. டிஸ்க்கையும் அளந்துருங்க, குறைஞ்சபட்ச தடிமன் பெரும்பாலும் டிஸ்க்குலயே பொறிச்சிருக்கும். பிரேக் தூசியை வாயால ஊதவோ காத்து அடிக்கவோ வேண்டாம், பழைய பேடுல ஆஸ்பெஸ்டாஸ் இருக்கலாம், கிளீனர் அடிச்சு ஈரமாத் தொடைங்க.

பொங்கல் லீவுல திரும்ப வால்பாறை போயிட்டு வந்தோம். ஆழியார்ல எறங்கினதும் ரெண்டு முன் சக்கரத்துக்கும் பக்கத்துல புறங்கையைக் கொண்டு போயிப் பாத்தேன், ரெண்டு பக்கமும் ஒரே சூடு. பொண்ணும் எறங்கி வந்து "அப்பா வாடை வரலப்பா"ன்னா. 10,000 கிலோமீட்டருக்கு ஒருதடவை பின்னை வெளிய எடுத்துப் பாக்கணும்னு பெரியவரு சொல்லியிருக்காரு, ஓடோ மீட்டர் ரீடிங்கை சர்வீஸ் புக்குல குறிச்சு வச்சிருக்கேன்.